முப்பத்தொன்றாம் பிரிவு

வெங்கிடராமன் சார் சட்டம் படித்திருக்கவே வேண்டாம், நாடகக் கம்பெனியில் சேர்ந்திருக்கலாம். வகுப்புக்குள் வந்ததும் மின்விசிறியை நிறுத்துவார். சத்தம் அடங்கும் வரை சுவரைப் பார்த்துக்கொண்டு நிற்பார். பிறகு சட்டென்று திரும்பி, உங்கள் வீட்டுக் கதவை ஒருவன் தட்டுகிறான், துரத்திக்கொண்டு வருகிறார்கள் என்கிறான், திறப்பீர்களா மாட்டீர்களா என்று யாராவது ஒரு அப்பாவியைப் பார்த்துக் கேட்பார். எர்ணாகுளத்தில் நான் படிக்கும் சட்டக் கல்லூரியில் அகதிகள் சட்டமும் குடியேற்றச் சட்டமும் அவருடைய பாடம். வகுப்பில் ஆங்கிலமும் மலையாளமும் பேசுவார். என்னைத் தனியாகப் பார்த்தால் மட்டும் தமிழ், அதுவும் பாலக்காட்டுத் தமிழ்.

அவரும் மட்டாஞ்சேரி, நானும் மட்டாஞ்சேரி. அவருடைய தாத்தாவின் அப்பா பாலக்காட்டிலிருந்து வந்து சேர்லாயில் வீடு வாங்கினாராம். என் அப்பா இசக்கிராஜா திருநெல்வேலியிலிருந்து கரண்டியும் மட்டக்கோலும் எடுத்துக்கொண்டு வந்து, இன்றைக்கும் வாடகை வீட்டில் இருக்கும் கொத்தனார். "நாமெல்லாம் ஒண்ணுதான் அமுதவள்ளி, எங்காத்திலே காப்பி, உங்காத்திலே சாயா, வித்தியாசம் அவ்வளவுதானாக்கும்" என்பார் சார். அவருக்கென்ன, சொல்வார்.

எங்கள் வீட்டில் நான்கு பேர். அண்ணன் ரமேஷ்பாபு வல்லார்பாடத்தில் கண்டெய்னர் லாரிகளுக்குச் சீட்டுப் போடும் வேலையில் இருக்கிறான். அம்மா சங்கரி ஜூ டவுனில் ஒரு மசாலா கோடவுனில் சுக்குப் பொறுக்குகிறாள். அம்மாவின் ஊர் எது என்று யார் கேட்டாலும் திருநெல்வேலி என்று சொல்ல வேண்டும். இதை எனக்குப் பேச்சு வந்த உடனேயே பழக்கிவிட்டார்கள். உண்மையில் அம்மாவுக்கு இலங்கையில் மன்னார். எட்டு வயதில், சண்டைக்குப் பயந்து, பெரியம்மாவின் மடியில் உட்கார்ந்து படகில் ராமேஸ்வரம் வந்தவள். திருநெல்வேலிப் பக்கத்தில் ஒரு அகதி முகாமில் வளர்ந்தாள். அந்த முகாமுக்குச் சுவர் பூச வந்த அப்பாவைப் பிடித்துப்போய், யாரிடமும் சொல்லாமல் அவரோடு கொச்சிக்கு ரயில் ஏறிவிட்டாள். ஆளைக் காணோம் என்று முகாமில் பெயரை அடித்துவிட்டார்கள். இங்கே ரேஷன் கார்டில் அவள் இசக்கிராஜாவின் மனைவி, அவ்வளவே.

அம்மா தன் ஊர்ப் பக்குவத்தில் வைக்கும் தேங்காய்ப்பால் சொதியைப் பார்த்துக்கூட யாரும் சந்தேகப்பட்டதில்லை. திருநெல்வேலியிலும் சொதி உண்டு. எந்தப் புண்ணியவானோ கண்டுபிடித்து வைத்தான். ஆனால் வீட்டுக்குள், கதவு சாத்தியிருக்கும்போது, ஆமாம் என்பதற்கு அம்மா "ஓம்" என்பாள். அதைக் கேட்க எனக்குப் பிடிக்கும்.

எனக்குப் படித்தது மண்டையில் ஏற வேண்டுமென்றால் அதை யாருக்காவது சொல்லிக் கொடுக்க வேண்டும். ஆறாம் வகுப்பிலிருந்து இந்த வியாதி. அண்ணன் ஓடிவிடுவான். அப்பா முதல் வரியிலேயே குறட்டை விடுவார். மிச்சம் இருப்பது அம்மாதான். சாயங்காலம் அவள் மரவள்ளிக் கப்பையைத் தோல் சீவும்போது நான் அடுக்களை வாசற்படியில் புத்தகத்தோடு உட்கார்வேன். ஒளிச்சேர்க்கை, பானிபட் யுத்தம், ஒப்பந்தச் சட்டம், எல்லாவற்றையும் அம்மா கப்பையோடு சேர்த்துக் கேட்டிருக்கிறாள். கடைசியில் நான் கேள்வி கேட்பேன், பத்துக்கு மார்க் போடுவேன். ஏழு போடுவேன், எட்டு போடுவேன், ரொம்ப நன்றாகச் சொன்னால் ஒன்பது. பத்து போட்டதே இல்லை. அந்த விஷயத்தில் நான் கஞ்சப் பிசினாறி.

இந்த வருஷம் அகதிகள் சட்டம் ஆரம்பித்தபோது அம்மா முதல்முறையாகக் கத்தியைக் கீழே வைத்துவிட்டுக் கேட்டாள்.

"இதென்ன பிள்ளை, என்னைப் பத்தியே எழுதி வச்சிருக்கா?"

"உன்னைப் பத்தித்தான். உலகம் முழுக்க எழுதி வச்சிருக்கு."

எனக்கு ஒரே பெருமை, நானே உட்கார்ந்து எழுதியது மாதிரி. உயிருக்குப் பயந்து ஓடி வந்தவரைத் திருப்பி அனுப்பக் கூடாது என்று சொன்னேன். அவர் பிள்ளைகளுக்குப் பள்ளிக்கூடம் உண்டு, வேலை செய்ய உரிமை உண்டு என்று சொன்னேன். சார் வகுப்பில் செய்த நாடகத்தை வீட்டில் நான் இரட்டிப்பாகச் செய்தேன். விரலை நீட்டுவேன், குரலை இறக்குவேன். குருவை மிஞ்சிய சிஷ்யை.

முப்பத்தொன்றாம் பிரிவு வந்த நாள் நன்றாக நினைவிருக்கிறது. அனுமதியில்லாமல் நாட்டுக்குள் வந்த அகதி, தாமதிக்காமல் தானாகவே அதிகாரியிடம் போய், இப்படி வந்தேன் என்று உண்மையைச் சொல்லி, நல்ல காரணமும் காட்டினால், அப்படி வந்ததற்காக அவரைத் தண்டிக்கக் கூடாது. இவ்வளவுதான் அந்தப் பிரிவு. அம்மா கத்தியை மறுபடியும் கீழே வைத்தாள்.

"தாமதிக்காமல் எண்டா? நான் வந்து எவ்வளவு காலமாச்சு."

"அதுக்குத்தாம்மா நல்ல காரணம்னு போட்டிருக்கு. ஏன் இவ்வளவு நாள் வரலைன்னா, ஒரு நல்ல காரணம் சொன்னாப் போதும்."

"எனக்குத் தெரியாது, நான் சின்னப் பிள்ளை எண்டு சொன்னா?"

"அது நல்ல காரணம்தான்."

"தானா போகோணும். பிடிச்சுக்கொண்டு போனா இல்ல. ஓமோ?"

"அதே. பிடிபட்டா வேற கதை. தானா போய் உண்மையைச் சொல்லணும். அதுதான் இதோட உயிர்."

"ஓம். விளங்குது" என்றாள். நான் ஒன்பது போட்டேன். எதற்கு ஒன்று குறைத்தாய் என்று கேட்டாள். பிரிவு எண்ணைச் சொல்லவில்லை என்றேன்.

அடுத்த வாரமே கொழும்பு விஷயம் வந்தது. அங்கே ஒரு பல்கலைக்கழகத்தில் மாணவர்களுக்கான மூட் கோர்ட். மூட் கோர்ட் என்றால் பொய் வழக்கு. கட்சிக்காரர் பொய், எதிரி பொய், ஆனால் வாதாடுவது நிஜமாக, கேட்க உட்காருகிறவர்களும் நிஜ நீதிபதிகள். பக்கத்து நாடுகளிலிருந்தெல்லாம் வருவார்களாம், விஷயம் அகதிகள் சட்டம். எங்கள் கல்லூரியிலிருந்து இரண்டு பேர். சார் என் பெயரையும் ஸாதனா என்ற பெண்ணின் பெயரையும் சொன்னார். எனக்குக் காது அடைத்துவிட்டது. செலவெல்லாம் கல்லூரி பார்த்துக்கொள்ளும், பாஸ்போர்ட் மட்டும் சீக்கிரம் எடுத்துவிடு என்றார்.

வீட்டில் சொன்னபோது அப்பா தெருக்கோடி பேக்கரியிலிருந்து பரிப்புவடை வாங்கி வந்தார். அம்மா வடையைக் கையில் வைத்துக்கொண்டு அப்படியே நின்றாள்.

"கொழும்பா?"

"அதே."

"நான் கொழும்பு பாத்ததே இல்ல. மன்னார்ல இருந்து அது தூரம். நீ பாத்துக்கொண்டு வந்து எனக்குச் சொல்லு, என்ன? பாடம் மாதிரி."

அன்றைக்கு அவள் முகத்தில் இருந்த சந்தோஷத்தை அதற்கு முன்னால் நான் பார்த்ததில்லை. எனக்காக மட்டும் வந்த சந்தோஷம் இல்லை அது.

அதற்குப் பிறகுதான் சாரின் பெரிய நாடகம். பாதி செமஸ்டர் வரை, 1951-இல் உலக நாடுகள் சேர்ந்து எழுதிய அந்த அகதிகள் உடன்படிக்கையை வரிவரியாக நடத்தியவர், கடைசிப் பிரிவும் முடிந்த அன்று புத்தகத்தை மூடினார். மின்விசிறியை நிறுத்தினார். சுவரைப் பார்த்தார். திரும்பினார். "எல்லாம் மனசிலாச்சா? சந்தோஷம். இனி ஒரு விஷயம் சொல்கிறேன். இந்தியா இதில் கையெழுத்துப் போடவில்லை."

வகுப்பு ஒரு கணம் விழித்துவிட்டுச் சிரித்தது. பின்பெஞ்சில் யாரோ கைதட்டினார்கள். வருஷா வருஷம் இதே வித்தையைச் செய்வாராம். முதலில் முழு மனதோடு சட்டத்தை நம்ப வேண்டும், பிறகு அது இல்லை என்று தெரிய வேண்டும், அப்போதுதான் உறைக்கும், அதுதான் பாடம் நடத்தும் முறை என்று அவர் சொன்னார். சீனியர்கள் யாரும் எங்களிடம் மூச்சு விடவில்லை. அதுவும் ஒரு சம்பிரதாயம். நம் சட்டத்தில் அகதி என்று ஒரு ஜாதியே கிடையாது, உள்நாட்டான், வெளிநாட்டான், அவ்வளவுதான் என்றார். எல்லோரோடும் சேர்ந்து நானும் சிரித்தேன். நல்ல வித்தை அல்லவா?

பஸ் தோப்பும்படிப் பாலத்தில் ஏறியபோதுதான் எனக்கு அம்மா நினைவு வந்தாள்.

வீட்டுக்குப் போனால் கப்பை தயாராக இருந்தது, சீவாமல். எனக்காகக் காத்திருந்தாள்.

"இண்டைக்கு என்ன பாடம்?"

இத்தனை நாள் சொன்னதெல்லாம் ஊரார் வீட்டுக் கல்யாணச் சாப்பாடு அம்மா, நமக்கு இலை போடவில்லை என்று எப்படிச் சொல்வது? நாளைக்குச் சொல்லலாம் என்று நினைத்தேன். "சார் லீவு" என்றேன்.

நாளைக்கு என்ன நடந்தது என்றால், சார் இந்தியக் குடியுரிமைச் சட்டத்தை ஆரம்பித்தார். பலகையில் இரண்டு கோடு போட்டார். இங்கே பிறந்தவர்கள் மூன்று விதம். 1987 ஜூலைக்கு முன்னால் பிறந்திருந்தால், இந்த மண்ணில் பிறந்ததே போதும். அதற்குப் பின்னால் பிறந்தவருக்கு அப்பா அம்மாவில் ஒருவர் இந்தியராக இருந்தால் போதும். 2004 டிசம்பர் மூன்றாம் தேதிக்குப் பிறகு, ஒருவர் இந்தியராக இருந்தால் போதாது. மற்றவர் அனுமதியில்லாமல் நாட்டுக்குள் வந்தவராக இருக்கக் கூடாது. அப்படி வந்தவராக இருந்தால் பிள்ளை இந்தியக் குடிமகன் இல்லை.

நான் நோட்டில் அழகாகக் கோடு போட்டு, மூன்று வர்ணத்தில் எழுதிக்கொண்டிருந்தேன். பச்சைப் பேனாவால் மூன்றாவதை எழுதி முடித்த பிறகுதான் எனக்குப் புரிந்தது. அண்ணன் பிறந்தது 2002. நான் பிறந்தது 2005 தை மாதம்.

ஒரே அப்பா, ஒரே அம்மா. அவன் கோட்டுக்கு இந்தப் பக்கம், நான் அந்தப் பக்கம். கிணறு வெட்டப் பூதம் புறப்பட்டது என்பார்கள். என் கிணற்றிலிருந்து நானே புறப்பட்டு வந்தேன்.

நூலகத்தில் உட்கார்ந்து சட்டத்தை முழுக்கப் படித்தேன். ஒரு வழி இருந்தது. விசேஷமான காரணம் இருந்தால் எந்தக் குழந்தையையும் மத்திய அரசு குடிமகனாகப் பதிவு செய்யலாம் என்று ஒரு வரி. குழந்தை என்றால் பதினெட்டு வயதுக்குள். எனக்கு இருபது. கதவு இருந்தது, திறந்தும் இருந்தது, அது மூடிய பிறகு அதைப் பற்றிப் படிக்கிறேன். எனக்கு வந்த கோபத்தில் அந்தப் பக்கத்தைக் கிழித்திருப்பேன். நூலகப் புத்தகம்.

அந்த ஞாயிற்றுக்கிழமை வீட்டில் பூகம்பம். பாஸ்போர்ட்டுக்கு ஏன் இன்னும் போகவில்லை என்று அண்ணன் கேட்டான். துபாய்க்குப் போகும் ஆசையில் அவன் போன வருஷமே எடுத்து வைத்திருக்கிறான். நான் இந்தக் குடியுரிமை விஷயத்தை முழுக்கக் கொட்டினேன். அப்பா வாயைத் திறந்தபடி கேட்டுக்கொண்டிருந்தார்.

"என்னட்டி சொல்லுத? அவன் இந்தியாக்காரன், நீ இல்லியா? ஒரே வயித்துல பொறந்ததுக்கு ரெண்டு நாடா? எந்தக் கோட்டிக்காரன் எழுதுனது இது?"

"எழுதியாச்சுப்பா."

"எடீ, வேலியில போன ஓணான எடுத்து மடியில விட்டுட்டுக் குடையுது குடையுதுங்கிற" என்றான் அண்ணன். "இத்தனை நாள் நீ யாரு? இந்தியாக்காரி. ஆதார் இல்லே? எஸ்எஸ்எல்சி புக் இல்லே? ஒப்புப் போட்டுக் கொடு, பாஸ்போர்ட் வரும். யாரு கேக்கறா?"

"தெரியாமப் போட்டா அது கையெழுத்து. தெரிஞ்சு போட்டா அது குற்றம். போலீஸ் வீட்டுக்கு வெரிபிகேஷனுக்கு வருவான். அம்மா எங்க பொறந்தாங்க, காட்டுன்னா எதைக் காட்டுவ? அம்மாவைக் கொண்டு போயிட்டா?"

அதோடு விட்டிருக்கலாம். நான் நிறுத்தியிருக்க வேண்டும். எனக்கு நிறுத்தத் தெரியாது.

"கொழும்பு போகட்டும், அது போனாப் போகுது. நாளைக்குக் கறுப்புக் கோட்டுப் போடணும்னாலும் இந்தியக் குடிமகள்னு எழுதிக் கையெழுத்துப் போடணும். இல்லேன்னா பார் கவுன்சில்ல பேரே பதிய முடியாது. இந்தச் சட்டத்தையெல்லாம் படிக்கலாம், வக்கீலாக முடியாது. எதுக்குப் படிக்கிறேன் நான்?" என்று கத்தினேன். பிறகு அடுக்களைப் பக்கம் திரும்பினேன். "எல்லாம் இவங்களாலதான். முகாம்லயே ஒழுங்கா இருந்து ஒரு காகிதம் வாங்கி வச்சிருந்தா?"

அம்மா அடுப்பைத் தணித்தாள். சொதி பொங்கும் சமயம். முந்தானையில் கையைத் துடைத்துக்கொண்டு நிலைப்படியில் வந்து நின்றாள்.

"நான் அனுமதி இல்லாம வந்ததாலதானே பிள்ளைக்கு இது?"

அவள் என்னைத்தான் பார்த்தாள்.

"நான் என்ன செய்யோணும்?"

"ஒண்ணும் செய்ய முடியாது. நீ ஒண்ணும் செய்யாம இரு, அது போதும்."

இரவு அவள் எனக்கு மட்டும் தனியாக முட்டை பொரித்து வைத்தாள். நான் சாப்பிட்டேன். மன்னிப்புக் கேட்கவில்லை. காலையில் கேட்டுக்கொள்ளலாம், அம்மாதானே, எங்கே போகப் போகிறாள் என்ற தைரியம்.

திங்கட்கிழமை சாரிடம் போய், வீட்டில் கொழும்புக்கு விடமாட்டேன் என்கிறார்கள் என்று பொய் சொன்னேன். அவருக்கு முகம் சுருங்கிவிட்டது.

"உங்கப்பாவை நான் பார்த்துப் பேசறேன் கேட்டியோ. நல்ல சந்தர்ப்பம், விடப்படாது. இந்த வருஷம் உன்னை மாதிரி ஒருத்தி வரலை. பாஸ்போர்ட் ஆபீசுக்கு வேணும்னா நானே கூட்டிண்டு போறேன்."

"வேண்டாம் சார். ஸாதனாவோட வேற யாரையாவது அனுப்புங்க."

"காரணமாவது சொல்லு."

காரணம் அவர் பலகையிலேயே எழுதியிருந்தார். இரண்டாவது கோட்டுக்குக் கீழே. எனக்கு அழுகை வந்தது, ஓடி வந்துவிட்டேன்.

புதன்கிழமை காலை அம்மா நல்ல சேலை கட்டியிருந்தாள். மெரூன் கலர், அண்ணனுக்கு வேலை கிடைத்தபோது எடுத்தது. கோடவுனில் பூஜையா என்று கேட்டேன். "ஓம், ஒரு விசேஷம்" என்றாள். என் தலையைத் தடவினாள். நான் பஸ்ஸுக்கு ஓடினேன். மன்னிப்புக் கேட்க வேண்டும் என்று ஞாயிற்றுக்கிழமையிலிருந்து நினைத்துக்கொண்டேதான் இருந்தேன். வாய்க்கும் மனதுக்கும் நடுவில் ஒரு பாலம் கட்ட எந்தக் கொத்தனாராலும் முடியாது போலிருக்கிறது.

சாரின் வகுப்பிலேயே போன் வந்தது. தெரியாத எண். வெளியே வந்து எடுத்தேன். ஒரு பெண் போலீஸ், மலையாளத்தில் கேட்டாள், அமுதவள்ளியா, உன் அம்மா ஸ்டேஷனில் இருக்கிறார், பயப்பட ஒன்றுமில்லை, நீ வா. சார் வகுப்பை விட்டு வெளியே வந்து என் முகத்தைப் பார்த்தார். ஒன்றும் கேட்காமல் ஸ்கூட்டர் சாவியை எடுத்தார்.

வழியில் சொன்னேன். ஹெல்மெட்டுக்குள் அவர் காதில் விழும்படி கத்திக் கத்திச் சொன்னேன். அம்மா மன்னார், படகு, முகாம், எல்லாம். எந்த வருஷம் பிறந்தாய் என்று மட்டும் கேட்டார். சொன்னேன். ஸ்கூட்டர் வேகம் குறைந்தது. பின்னால் ஒரு லாரி ஹார்ன் அடித்து அடித்து எங்களைத் தாண்டிப் போனது.

ஸ்டேஷனில் அம்மா பெஞ்சில் உட்கார்ந்திருந்தாள். கையில் சாயா டம்ளர். என்னைப் பார்த்ததும் சிரித்தாள். யாரோ பிடித்து வைத்திருப்பார்கள், பயந்துபோய் அழுதுகொண்டிருப்பாள் என்று நினைத்து வந்த நான் அந்தச் சிரிப்பைப் பார்த்து வாசலிலேயே நின்றுவிட்டேன்.

எஸ்.ஐ. நரைத்த மீசைக்காரர். தமிழ் கொஞ்சம் வந்தது. என்னைப் பார்த்ததைவிட சாரைப் பார்த்துத்தான் சொன்னார்.

"மூணு தடவை நான் சொல்லி, சேச்சி வீட்டுக்குப் போ, நான் ஒண்ணும் கேக்கலேன்னு. போகண்டே? எழுதுங்க எழுதுங்கன்னு ஒரே பிடிவாதம். அந்நேரம் மேலே உள்ள ஆபீசர் வந்துட்டாரு. அவர் முன்னாலயும் முதல்ல இருந்து சொல்லியாச்சு. பின்னே எழுதாம இருக்க முடியுமோ? அவரு அப்பவே மேலே போன்ல விளிச்சுச் சொல்லிட்டாரு."

"எழுதினதைத் திருப்பி வாங்க முடியாதோ? அவாளுக்குச் சட்டம் தெரியாம..." என்றார் சார்.

"ஸார் ஆராணு?"

"இந்தச் சட்டம் பாடம் எடுக்கறவனாக்கும் நான்."

"எங்கில் ஸார் சொல்லுங்க. நான் என்ன செய்யணும்? ஸார் சொல்றதை நான் செய்யறேன்."

நிஜமாகத்தான் கேட்டார், கேலி இல்லை. அவர் கையில் பேனா இருந்தது. சார் சொன்னால் எழுதியிருப்பார் என்றுதான் இன்றைக்கும் நினைக்கிறேன். சார் ஹெல்மெட்டை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு நின்றார். மின்விசிறி ஓடிக்கொண்டிருந்தது. சுவரைப் பார்த்தார். நான் காத்திருந்தேன், இப்போது திரும்புவார், ஏதோ ஒரு பிரிவைச் சொல்வார், எப்போதும் சொல்வாரே. அவர் திரும்பவில்லை.

நான் அம்மாவின் பக்கத்தில் உட்கார்ந்தேன்.

"ஏம்மா?"

"பயப்படாத. நானா வந்தன், ஆரும் பிடிச்சுக்கொண்டு வரேல்ல" என்றாள். குரலில் ஒளிவு மறைவில்லை. கதவு சாத்தாத இடத்தில் அவள் ஊர்ப் பேச்சை நான் கேட்டது அதுதான் முதல் தடவை. "எட்டு வயசில படகில வந்தன், அனுமதி இல்லாம எண்டு சொன்னன். ஏன் இவ்வளவு காலம் வரேல்ல எண்டு கேட்டார். எனக்குத் தெரியாது ஐயா, நான் சின்னப் பிள்ளை, இப்பதான் என்ரை மகள் சொல்லித் தந்தவள் எண்டு சொன்னன். நல்ல காரணம்தானே?"

"நல்ல காரணம்தான்."

"என்னை வெளிநாட்டுக்காரி எண்டு எழுதுங்கோ, என்ரை பிள்ளைக்கும் இதுக்கும் ஒரு சம்பந்தமும் இல்ல, அவள் இங்கதான் பிறந்தவள் எண்டு சொன்னன். எப்ப பிறந்தவள் எண்டு கேட்டார். ரெண்டாயிரத்து அஞ்சு தை, பெரியாஸ்பத்திரியில எண்டு சரியா சொன்னன். எந்தக் காலேஜ், என்ன பேர், எல்லாம் கேட்டு எழுதினவர். நல்ல மனுசன், சாயாவும் வாங்கித் தந்தவர். இனி உனக்குப் பாஸ்போர்ட் தருவாங்கள்தானே? மறைச்சது நான். அதை நானே வந்து சொல்லிட்டன்."

இதுவரை என்னை வெளிநாட்டுக்காரி என்று சொல்ல இந்த நாட்டில் ஒருவருக்கும் ஆதாரம் இருக்கவில்லை. என் அம்மா மெரூன் சேலை கட்டிக்கொண்டு வந்து அதைக் கொடுத்திருக்கிறாள், என்னைக் காப்பாற்ற. நான் சொல்லிக் கொடுத்த பாடத்தை வைத்துத்தான். சொல்லிக் கொடுக்காமல் விட்டது ஒரே ஒரு வரி, சார் புத்தகத்தை மூடிவிட்டுச் சொன்னது.

இனி என்ன நடக்கும் என்று எஸ்.ஐ. சாரிடம் தாழ்ந்த குரலில் சொல்லிக்கொண்டிருந்தார். அழைக்கும்போதெல்லாம் அம்மா வந்து கையெழுத்துப் போட வேண்டியிருக்கும். திருப்பி முகாமுக்கு அனுப்பச் சொன்னால் அனுப்ப வேண்டியிருக்கும். மகளுடைய விஷயத்தையும் கேட்டு எழுதியிருக்கிறார்கள், அது தனியாக வரும். சார் எல்லாவற்றுக்கும் தலையாட்டினார். அவர் கண் சிவந்திருந்தது.

அம்மா என் முழங்கையைத் தொட்டாள்.

"முப்பத்தொண்டாம் பிரிவு எண்டு நம்பரோட சொன்னன் பிள்ளை. மறக்கேல்ல." கொஞ்சம் கூச்சத்தோடு என் முகத்தைப் பார்த்தாள். "எத்தனை போடுவாய்?"

எங்கேயாவது ஒன்று குறைக்க முடியுமா என்று தேடினேன். தானாகவே போயிருக்கிறாள். உண்மையைச் சொல்லியிருக்கிறாள். காரணம் காட்டியிருக்கிறாள். எண்ணையும் விடவில்லை. அந்த உடன்படிக்கையை எழுதியவர்களே வந்து உட்கார்ந்தாலும் ஒரு தப்புக் கண்டுபிடிக்க முடியாது.

"பத்து" என்றேன். "பத்துக்குப் பத்தும்மா."

அம்மாவுக்கு முகமெல்லாம் சிரிப்பு. பக்கத்தில் நின்ற பெண் போலீஸிடம் திரும்பி, "இவள் இண்டைக்குத்தான் எனக்குப் பத்து போடுறாள்" என்றாள்.